உள்ளங்கையில் டூம்: பழைய பி.எஸ்.பி.யில் ஹோம்ப்ரூ போர்ட் ஓட்டப் பழகுவது எப்படி

அக்கா பையன் பாண்டிச்சேரியில் கல்லூரி படிக்கிறான். தீபாவளிக்குக் கடலூர் வந்தவன், எங்கள் மஞ்சக்குப்பம் வீட்டுப் பரணிலிருந்து என் பழைய பி.எஸ்.பி.யை, அதாவது பிளேஸ்டேஷன் போர்ட்டபிள் என்ற சோனியின் கையடக்க விளையாட்டுக் கருவியை, தோண்டி எடுத்துக்கொண்டு வந்து, "மாமா, டூம் என் ஃபோன்லயே ஓடுது. இதுக்கு எதுக்கு இந்தப் பெட்டி?" என்று கேட்டான். டூம் என்றால் பேய்களைச் சுட்டுக்கொண்டே போகும் பழைய கணினி விளையாட்டு. பதிலாக ஓட்டிக் காட்டலாம் என்று ஆன் செய்யப் போனால், பேட்டரி உப்பி, பின் மூடி வாயைப் பிளந்துகொண்டு கிடந்தது. அப்புறம் இரண்டு ஞாயிற்றுக்கிழமை இதிலேயே போனது. மூன்றாவது ஞாயிறு அவனே ஒரு பி.எஸ்.பி. வாங்கிவிட்டான். அவனுக்கு வாட்ஸாப்பில் துண்டு துண்டாக எழுதி அனுப்பியதைத்தான் இங்கே கோத்து வைக்கிறேன். கணினியில் ஃபைலை காப்பி செய்யத் தெரிந்தால் போதும், யாரும் செய்யலாம்.

ஒரு விஷயம். ஒரு கருவிக்கு எழுதிய விளையாட்டை இன்னொன்றில் ஓடும்படி மாற்றியது போர்ட்; கம்பெனி இல்லாமல் ஆர்வலர்கள் தாங்களே எழுதுவது ஹோம்ப்ரூ. ஃபைல், ஃபோல்டர் பெயர்களை ஒலிப்படி தமிழில் எழுதியிருக்கிறேன். கருவியில் அவை ஆங்கில எழுத்தில் இருக்கும்.

கொட்டகை வேறு, படப்பெட்டி வேறு

முதல் நாள் அவன் கேட்டது, "டூம் டவுன்லோட் பண்ணிட்டேன், ஏன் ஓடல?" இதைப் புரிந்துகொண்டால் பாதிக் கிணறு தாண்டியாயிற்று.

அந்தக் கால டூரிங் டாக்கீஸை நினைத்துக்கொள்ளுங்கள். கொட்டகை, புரொஜெக்டர், திரை எல்லாம் ஊரில் தயாராக இருக்கும். படப்பெட்டி பஸ்ஸில் வந்து இறங்கினால்தான் படம். விளையாட்டும் அப்படித்தான். ஓட்டுகிற நிரல் ஒன்று; அதை எஞ்சின் என்பார்கள். சுவர், பேய், துப்பாக்கிச் சத்தம், வரைபடம் எல்லாம் அடங்கிய தரவு ஃபைல் இன்னொன்று. போர்ட் செய்கிறவர் நம் கைக்கருவிக்கு ஏற்ற மாதிரி கொட்டகையைக் கட்டித் தருகிறார். படப்பெட்டியை நாம் கொண்டுவர வேண்டும். அதை அவர் சேர்த்துத் தர முடியாது, அது அவருடைய சொத்து இல்லை.

இதற்கெல்லாம் வழி திறந்தது டூமைச் செய்த இட் சாஃப்ட்வேர் கம்பெனி. 1993 டிசம்பரில் வந்த டூமின் மூல நிரலை 1997 டிசம்பரில் பொதுவில் வைத்தார்கள். 1996-ல் வந்த குவேக் என்ற அவர்களுடைய இன்னொரு துப்பாக்கி விளையாட்டின் நிரலை 1999 டிசம்பரில் கொடுத்தார்கள். நிரல் மட்டும்தான், தரவு இல்லை. டூமில் இன்னொரு வேடிக்கையும் உண்டு. டாஸ் (விண்டோஸுக்கு முந்தைய கணினி அமைப்பு) பதிப்பின் ஒலி நூலகம் வேறொருவரிடம் உரிமம் வாங்கியது என்பதால் அதை வெளியிட முடியவில்லை. லினக்ஸ் பதிப்பின் நிரலைத்தான் கொடுத்தார்கள். அதனால் போர்ட் செய்தவர்கள் ஒலிப் பகுதியை ஏதாவது ஒரு வகையில் தாங்களே கட்டிக்கொள்ள வேண்டியிருந்தது. பழைய போர்ட்கள் சிலவற்றில் துப்பாக்கி வெடிக்கும், பாட்டு மட்டும் வராது. டூமின் இசை ஒலிப்பதிவு இல்லை, சுரக் குறிப்பு மாதிரி. நோட்டு இருக்கிறது, வாசிக்க நாதஸ்வரக்காரர் வரவில்லை என்றால் என்ன கேட்கும்? அதனால்தான் சில போர்ட்கள் வாத்திய ஒலிகள் அடங்கிய தனி ஃபோல்டர் ஒன்றையும் கேட்கும். அதை வைக்காமல் "சவுண்ட் ரிப்பேர்" என்று ஸ்பீக்கரைக் கழற்றிய ஆள் ஒருவரை எனக்குத் தெரியும். தினமும் கண்ணாடியில் பார்க்கிறேன்.

எந்தக் கருவி வாங்குவது

புதியவருக்கு என் பதில் ஒன்றுதான்: பி.எஸ்.பி., அதிலும் 2000 அல்லது 3000 வரிசை. 2004 டிசம்பரில் ஜப்பானில் வந்தது. 2014-ல் சோனி தயாரிப்பை நிறுத்திவிட்டது. 333 மெகாஹெர்ட்ஸ் வரை ஓடும் செயலி, 480-க்கு 272 புள்ளி கொண்ட 4.3 அங்குலத் திரை. முதல் மாடலான 1000-த்தில் நினைவகம் 32 எம்.பி.; அதிலும் 8 எம்.பி. கருவியே தனக்கென்று எடுத்துக்கொள்ளும். 2000-த்திலிருந்து அது 64 எம்.பி. ஆனது. பின்னாளில் வந்த கனமான போர்ட்கள் பல அந்த 64-ஐ எதிர்பார்க்கும். 1000 கனமாக, கைக்கு நிறைவாக இருக்கும். எனக்கு ரொம்பப் பிடிக்கும். ஆனாலும் முதல் கருவியாக வேண்டாம்.

3000-த்தில் நிறம் நன்றாக இருக்கும், ஆனால் வேகமாக நகரும் காட்சியில் மெல்லிய கோடுகள் தெரியும். சிலர் கண்ணுக்குப் படும், சிலருக்குப் படாது. பி.எஸ்.பி. கோ பார்க்க அழகு, ஆனால் சாதாரண மெமரி கார்டு போடாது. ஸ்ட்ரீட் என்ற இ1000 மாடலில் வைஃபை கிடையாது, ஸ்பீக்கரும் ஒன்றே ஒன்று. மலிவாகக் கிடைத்தால் தவறில்லை, ஹோம்ப்ரூ அதிலும் ஓடும்.

மாடல் எண்ணின் கடைசி இலக்கம் ஊரைச் சொல்லும். 3004 என்றால் ஐரோப்பியப் பக்கம், 3001 அமெரிக்கா, 3000 ஜப்பான், 3006 சிங்கப்பூர், ஹாங்காங். நம் பக்கத்தில் இது எல்லாமே கிடைக்கும். கடலூர், பரங்கிப்பேட்டை வீடுகளுக்குச் சிங்கப்பூரிலிருந்தும் வளைகுடாவிலிருந்தும் வந்தது ஒரு வழி. பாண்டிச்சேரி வீடுகளுக்கு பிரான்ஸிலிருந்து வந்தது இன்னொரு வழி. என்னுடையது இரண்டாவது. பாண்டிச்சேரி பெரியம்மா மருமகன் பாரிஸிலிருந்து லீவுக்கு வந்தபோது கொடுத்தது. மெனு பூராவும் பிரெஞ்சு. மொழியை மாற்ற எங்கே போவது என்பதே பிரெஞ்சில் இருந்ததால் முதல் இரண்டு நாள் திண்டாட்டம். உங்களுக்கும் அப்படி வந்தால், மெனுவின் இடது கோடியில் உள்ள கருவிப்பெட்டிப் படத்துக்குப் போய், சிஸ்டம் செட்டிங்ஸ் உள்ளே மொழியைத் தேடுங்கள். தமிழ் கிடையாது. ஜப்பான் கருவியில் சரி என்பதற்கு எக்ஸ் இல்லை, வட்டம். இதைத் தெரியாமல் "பட்டன் வேலை செய்யல" என்று விலை குறைத்து விற்பவர்கள் உண்டு. உங்களுக்கு லாபம்.

கையில் வாங்கிப் பார்க்கும்போது

பாண்டிச்சேரி எம்.ஜி. ரோடு சண்டே மார்க்கெட் துணிமணிக்குப் பேர்போனது என்றாலும், பழைய சாமான் பரப்பி வைத்திருப்பவர்களும் அங்கே உண்டு. அக்கா பையன் அங்கேதான் ஒன்றைப் பிடித்தான். விலை நான் சொல்ல மாட்டேன். ஆளைப் பார்த்து, நாளைப் பார்த்து மாறும். என்ன பார்க்க வேண்டும் என்று சொல்கிறேன்.

முதலில் பின் மூடியைக் கழற்றுங்கள். பேட்டரி தட்டையாக இருக்க வேண்டும். லேசாக உப்பியிருந்தாலும் அதை மறுபடி உள்ளே போடாதீர்கள், குத்தாதீர்கள், குப்பைத் தொட்டியிலும் வீசாதீர்கள். பேட்டரி செத்த கருவியை ஒதுக்கவும் வேண்டாம். பேட்டரி இல்லாமலே சார்ஜரில் பி.எஸ்.பி. ஓடும், அதனால் சார்ஜர் சொருகிச் சோதித்துப் பார்க்கலாம். 5 வோல்ட், மஞ்சள் முனை. புதிதாக வாங்கும் பேட்டரி வேறு கம்பெனியுடையதாகத்தான் இருக்கும். அதில் 3600 என்று அச்சடித்திருந்தால் சிரித்துவிட்டு அடுத்ததைப் பாருங்கள். சோனியின் சொந்த பேட்டரியே 1000-த்துக்கு 1800, மெலிந்த மாடல்களுக்கு 1200 மில்லி ஆம்பியர்-அவர்தான்.

அப்புறம் அனலாக் குமிழ். குமிழால் நகர்த்தும் ஏதாவது ஒரு விளையாட்டில் கையை எடுத்துவிட்டுப் பாருங்கள். தானாக நகர்ந்துகொண்டே இருந்தால் அடியில் அழுக்கோ உப்போ ஏறியிருக்கிறது. நம் ஊரில் இது சகஜம். கடலிலிருந்து இரண்டு கிலோமீட்டருக்குள் இருக்கும் வீட்டில் பித்தளைப் பூட்டே ஆறு மாதத்தில் பச்சை பிடிக்கும். இந்தப் பொடித் தகடுகள் எந்த மூலைக்கு? ஐசோப்ரொபைல் ஆல்கஹாலில் நனைத்த பஞ்சால் மெமரி கார்டு ஸ்லாட்டையும், பேட்டரி முனைகளையும், குமிழின் அடியில் இருக்கும் தொடர்புப் புள்ளிகளையும் துடைத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும். மழைக்காலத்தில் கருவியைச் சிலிக்கா பொட்டலத்தோடு டப்பாவில் மூடி வையுங்கள். பரணில் போட்டால் என்ன ஆகும் என்பதற்கு நானே சாட்சி.

யூ.எம்.டி. (பி.எஸ்.பி. விளையாட்டுகள் வந்த சின்ன டிஸ்க்) டிரைவ் ஓடவில்லை, டிஸ்க் கதவு உடைந்திருக்கிறது என்றால் கவலைப்படவே வேண்டாம். அதைச் சொல்லி நன்றாகப் பேரம் பேசுங்கள். நமக்கு வேண்டியது மெமரி கார்டு ஸ்லாட் மட்டும். வைஃபை ஸ்விட்ச் உடைந்திருந்தாலும் அப்படியே.

மெமரி கார்டு

பி.எஸ்.பி. மெமரி ஸ்டிக் ப்ரோ டுவோ என்ற சோனியின் தனி வகை கார்டைக் கேட்கும். அதைத் தேடி அலையாதீர்கள். கிடைப்பதில் பாதி போலி. மைக்ரோ எஸ்.டி. கார்டைச் சொருகும் அடாப்டர் ஒன்று வாங்கி, 32 ஜி.பி. கார்டைப் போடுங்கள். போர்ட்களுக்கு அதில் பத்தில் ஒரு பங்கே அதிகம். இரண்டு கார்டு போடும் அடாப்டரும் உண்டு, அது வேண்டாம். ஒரு கார்டு மக்கர் செய்தால் இரண்டிலும் உள்ளது போய்விடும்.

கார்டு வாங்கியதும் அதன் அளவைச் சோதியுங்கள். 32 என்று எழுதி உள்ளே 4 வைத்திருக்கும் கார்டுகள் சந்தையில் தாராளம். விண்டோஸில் எச்2டெஸ்ட்டபிள்யூ, லினக்ஸில் எஃப்3 என்ற இலவச நிரல்கள் கார்டு முழுக்க எழுதிப் படித்துப் பார்த்து உண்மையைச் சொல்லிவிடும். நேரம் எடுக்கும், எடுக்கட்டும்.

பிறகு கார்டை பி.எஸ்.பி.யிலேயே ஃபார்மட் செய்யுங்கள். தேவையான பி.எஸ்.பி. என்ற ஃபோல்டரை அதுவே உருவாக்கிக்கொள்ளும். கணினியோடு இணைக்க மினி யூ.எஸ்.பி. கேபிள் வேண்டும். மைக்ரோ இல்லை, மினி. பழைய டிஜிட்டல் கேமராக் கேபிள் வீட்டில் எங்காவது சுருண்டு கிடக்கும், அதேதான். மெனுவில் யூ.எஸ்.பி. கனெக்‌ஷன் என்பதை அழுத்தினால் கணினியில் பென் டிரைவ் போலத் தெரியும்.

கதவைத் திறப்பது

சோனி தன் முத்திரை இல்லாத நிரலை ஓட விடாது. ஜப்பானில் முதலில் வந்த 1.00 சிஸ்டம் பதிப்பில் மட்டும் கதவைப் பூட்ட மறந்துவிட்டார்கள். யார் எழுதியதும் ஓடியது. 1.50-ல் சின்னத் தந்திரம் ஒன்று போதும். அதன் பிறகு எலியும் பூனையும் விளையாட்டுதான், வருடக் கணக்கில். 2007-ல் பண்டோரா பேட்டரி என்று ஒன்று வந்தது. பேட்டரிக்குள் இருக்கும் வரிசை எண்ணை மாற்றினால், பி.எஸ்.பி. தன்னை சர்வீஸ் சென்டரில் இருப்பதாக நினைத்துக்கொண்டு மெமரி கார்டிலிருந்து எழும். பெட்டியைத் திறக்காமலே பூட்டு திறக்கும். அந்தக் காலத்தில் ஊரில் ஒருவரிடம் அப்படி ஒரு பேட்டரி இருந்தால் அவர் வீட்டு வாசலில் செருப்பு குவிந்திருக்கும். பின்னாளில் வந்த 2000-த்திலும் 3000-த்திலும் அது பலிக்கவில்லை. இன்று அது தேவையும் இல்லை. "மேஜிக் பேட்டரியோட தரேன்" என்று யாராவது விலையை ஏற்றினால் மசியாதீர்கள்.

இப்போது செய்ய வேண்டியது இரண்டே வேலை. சிஸ்டம் இன்ஃபர்மேஷனில் பதிப்பு எண்ணைப் பாருங்கள். 6.60 அல்லது 6.61 இருந்தால் அப்படியே விடுங்கள். குறைவாக இருந்தால் சோனியின் 6.61 அப்டேட் ஃபைலை பி.எஸ்.பி. ஃபோல்டருக்குள் கேம், அதற்குள் அப்டேட் என்ற ஃபோல்டரில் ஈபூட் டாட் பி.பி.பி. என்ற பெயரில் வைத்து ஓட்டுங்கள். அது சார்ஜரும் கேட்கும், பேட்டரியும் கேட்கும். நல்ல பேட்டரி இல்லாமல் இந்தப் படியைத் தொட வேண்டாம். பாதியில் கரண்ட் போனால் பேட்டரிதான் காப்பாற்ற வேண்டும். அதுவும் இல்லை என்றால் கையில் இருப்பது கறுப்பு பேப்பர் வெயிட்.

அடுத்தது கஸ்டம் ஃபர்ம்வேர், அதாவது முத்திரை இல்லாத நிரலையும் ஓட விடும்படி ஆர்வலர்கள் மாற்றிய சிஸ்டம் நிரல். ஆர்க்-4 எடுத்துக்கொள்ளுங்கள். அதில் வரும் ஒரு ஃபோல்டர் சேவ்டேட்டாவுக்குள் போகும். லோடர் ஃபோல்டர் கேமுக்குள் போகும். மெனுவில் லோடரை ஓட்டினால் திரை ஒரு முறை அணைந்து எரியும், முடிந்தது. கருவியை முழுக்க அணைத்தால் இது போய்விடும். மறுபடி ஆன் செய்ததும் லோடரை ஒரு தரம் ஓட்ட வேண்டும். பவர் ஸ்விட்சை லேசாகத் தள்ளித் தூங்க வைத்தால் அப்படியே இருக்கும். நிரந்தரமாக எழுதி வைக்கும் வழிகளும் உண்டு. முதல் மாதம் அது வேண்டாம். அணைத்தால் பழையபடி ஆகிவிடும் என்பது புதியவருக்குப் பெரிய பாதுகாப்பு.

முதல் போர்ட்: டூம்

வேறு எதிலும் ஆரம்பிக்காதீர்கள். டூமின் முதல் பாகம் ஷேர்வேர். ஒன்பது கட்டங்கள், 4 எம்.பி. தரவு, சட்டப்படி இலவசம். டூம்1 டாட் வாட் என்று பெயர். முழு விளையாட்டு வேண்டுமென்றால் இணையக் கடைகளில் காசு கொடுத்து வாங்கி, அதிலிருக்கும் வாட் ஃபைலை எடுத்துக்கொள்ளலாம். காசு கொடுக்க மனமில்லை என்றால் ஃப்ரீடூம் இருக்கிறது: அதே எஞ்சினில் ஓடும்படி படம், ஒலி, கட்டங்கள் எல்லாவற்றையும் தன்னார்வலர்கள் புதிதாகச் செய்தது.

பி.எஸ்.பி.க்கான டூம் போர்ட் ஒன்றை இறக்கி, ஜிப்பை கணினியில் பிரியுங்கள். உள்ளே ஈபூட் ஃபைல் (எஞ்சின் இதில்தான்) இருக்கும் ஃபோல்டரை கேமுக்குள் வையுங்கள். வாட் ஃபைலைப் போர்ட் கேட்கும் இடத்தில், பெரும்பாலும் ஈபூட்டுக்குப் பக்கத்திலேயே வையுங்கள். அவ்வளவுதான் என்று சொல்ல ஆசை. அக்கா பையனுக்கு இங்கேதான் இரண்டு மணி நேரம் போனது.

மெனுவில் ஒன்றுமே தெரியவில்லை. என்னடா என்று படம் எடுத்து அனுப்பச் சொன்னேன். கேமுக்குள் டூம், டூமுக்குள் இன்னொரு டூம், அதற்குள் ஈபூட். ஜிப்பைப் பிரிக்கும்போது கணினி தானாக ஒரு ஃபோல்டர் போட்டு, அதற்குள் ஏற்கெனவே இருந்த ஃபோல்டரையும் வைத்துவிட்டது. பி.எஸ்.பி. ஒரு படிதான் இறங்கிப் பார்க்கும், இரண்டாவது படி இறங்காது. உள்ளிருப்பதை வெளியே இழுத்துப் போட்டதும் மெனுவில் தெரிந்தது. ஓட்டினான், "தரவு இல்லை" என்று திரும்ப வந்தது. விண்டோஸ் ஃபைல் வாலை மறைத்து வைக்கும். இவன் பெயரை மாற்றும்போது டாட் வாட் என்று கையாலும் சேர்த்திருக்கிறான். ஃபைலின் உண்மையான பெயர் டூம்1 டாட் வாட் டாட் வாட். வியூ மெனுவில் எக்ஸ்டென்ஷனைக் காட்டச் சொல்லி, ஒரு வாலை வெட்டினான்.

ஓடியது. முதல் கட்டம், தூண்கள் நிற்கும் அறை, அடுத்து பச்சைத் திராவகக் குளத்துக்கு மேலே வளைந்து வளைந்து போகும் பாலம். "ஃபோன்ல விரல் திரையை மறைக்கும் மாமா, இதுல மறைக்கல," என்றான். நான் ஒன்றும் சொல்லவில்லை.

ஓடிய பிறகு மூன்று விஷயம் சரி செய்யுங்கள். போர்ட்டின் மெனுவில் செயலி வேகம் இருந்தால் 333-க்கு ஏற்றுங்கள். பல வருடம் விளையாட்டுகளை 222-க்கு மேல் போக விடாமல் வைத்திருந்த சோனி, 2007-ல் 3.50 பதிப்பில்தான் அதைத் தளர்த்தியது. பழைய போர்ட் சில 222-லேயே நின்றுகொண்டிருக்கும். அடுத்து திரை அளவு. டூமின் படம் 320-க்கு 200, அந்தக் காலத்து நாலுக்கு மூன்று டி.வி. திரைக்கு வரைந்தது. பி.எஸ்.பி.யின் அகலத் திரைக்கு முழுக்க இழுத்தால் பேய்கள் எல்லாம் தொப்பை போட்டுவிடும். 272 உயரத்துக்கு 363 அகலம்தான் சரி. இரண்டு பக்கமும் கறுப்புப் பட்டை இருக்கட்டும். மூன்றாவது, பட்டன். சுடுவது வலது தோள் பட்டனில், பக்கவாட்டு நடை இடது தோள் பட்டனில் என்று வைத்துப் பாருங்கள். கட்டை விரலுக்கு வேலை குறையும்.

அடுத்து என்ன

குவேக். இதன் ஷேர்வேர் தரவு பாக்0 டாட் பாக் என்ற பெயரில் இட்1 என்ற ஃபோல்டருக்குள் இருக்க வேண்டும். ஃபோல்டர் பெயரில் இருப்பது ஐ, டி, ஒன்று. எல் என்று அடித்துவிட்டுத் தேடாதீர்கள். பி.எஸ்.பி.யில் குமிழ் ஒன்றே ஒன்று, இந்த விளையாட்டுக்கு இரண்டு வேண்டும். அதற்கு அந்தக் காலத்தில் கண்டுபிடித்த வழி இன்றும் நன்றாக இருக்கிறது: குமிழால் பார்ப்பது, வலது பக்க நான்கு பட்டனால் நடப்பது. முக்கோணம் முன்னால், எக்ஸ் பின்னால், சதுரமும் வட்டமும் பக்கவாட்டில். முதல் அரை மணி கை தடுமாறும்.

குவேக் எஞ்சினை அடித்தளமாக வைத்து நாஸி ஸோம்பீஸ் போர்ட்டபிள் என்ற விளையாட்டை 2010-ல் பி.எஸ்.பி.க்கு வெளியிட்டார்கள். பெரிய கம்பெனி விளையாட்டு ஒன்றின் ஸோம்பி பகுதியை விசிறிகள் தாங்களே பி.எஸ்.பி.க்குக் கட்டியது. 64 எம்.பி. கருவியில் பாருங்கள்.

துப்பாக்கி பிடிக்காதவர்களுக்கு கேவ் ஸ்டோரி. ஜப்பானைச் சேர்ந்த தைசுகே அமாயா ஒற்றை ஆளாக ஐந்து வருடம் உட்கார்ந்து செய்து, 2004-ல் இலவசமாகக் கொடுத்தது. பி.எஸ்.பி.யில் அதன் போர்ட் கச்சிதமாக ஓடும்; அந்தத் திரைக்கென்றே பிறந்த மாதிரி இருக்கும். விமானம் சுடுகிற விளையாட்டு வேண்டுமென்றால் ஓப்பன்டைரியன். 1995-ல் வந்த டைரியன் 2004-லிருந்து இலவசம்.

கதை படித்து, பொருள் பொறுக்கி, புதிர் அவிழ்க்கிற வகைக்கு ஸ்கம்விஎம். இதில் கொட்டகை ஒன்று, பெட்டி பல. பினீத் எ ஸ்டீல் ஸ்கை என்ற 1994-ம் வருட விளையாட்டை 2003-ல் அதைச் செய்தவர்களே இலவசமாக்கினார்கள், அதிலிருந்து தொடங்கலாம். குமிழால் சுட்டியை நகர்த்துவது மெதுவான வேலைதான். இரவு சாப்பிட்டுவிட்டு மொட்டை மாடியில் படுத்துக்கொண்டு செய்ய வேண்டியது அது.

2011 டிசம்பர் 30 காலையில் தானே புயல் கடலூருக்கும் பாண்டிச்சேரிக்கும் நடுவே கரையைக் கடந்தபோது எங்கள் தெருவில் நின்ற மரத்தைவிட விழுந்த மரம் அதிகம். கரண்ட் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாது. தெருமுனையில் ஒருவர் ஜெனரேட்டர் வைத்து செல்ஃபோனுக்கு சார்ஜ் போட்டுக் கொடுத்தார். வரிசையில் எல்லாரும் ஃபோனோடு நிற்க, நான் மஞ்சள் முனை சார்ஜரோடு நின்றேன். "இது என்னா தம்பி, ரேடியோவா?" என்றார். ஆமாம் என்று சொல்லிவிட்டேன். ஒரு சார்ஜுக்கு மூன்று மணி நேரம் வரும். எதிர்வீட்டுப் பையன்கள் நாலு பேரும் நானும் ஆளுக்கொரு உயிர் என்று முறை வைத்துக் கேவ் ஸ்டோரியை முடித்தது அந்த வாரத்தில்தான். அதைக் கொடுத்த ஜப்பான்காரரும், அதை பி.எஸ்.பி.யில் ஏற்றியவரும் ஒரு காசு வாங்கவில்லை.

பத்தாயிரம் விளையாட்டு ஏற்றி விற்கிற சீனப் பெட்டிகள் இப்போது மலிவாகக் கிடைக்கின்றன. வாங்குங்கள், தப்பில்லை. ஆனால் ஒன்றை ஐந்து நிமிடம் ஓட்டிவிட்டு அடுத்ததற்குத் தாவுவதுதான் அதில் நடக்கும். ஃபோல்டர் ஃபோல்டராக நீங்களே வைத்து ஓட வைத்த ஒன்றை அப்படி விட்டுவிட மனசு வராது. ஒவ்வொரு போர்ட்டோடும் வரும் ரீட்மீ ஃபைலையும் திறந்து படியுங்கள். எந்தக் கட்டத்தில் தொங்கும், எது இன்னும் முடியவில்லை, யாருக்கு நன்றி என்று செய்தவரே எழுதி வைத்திருப்பார். பாதி சந்தேகம் அதிலேயே தீரும்.

மற்ற கருவிகள்

நின்டென்டோ டி.எஸ். வீட்டில் இருந்தால் மைக்ரோ எஸ்.டி.யிலிருந்து நிரலை ஓட விடும் ஆர்4 மாதிரி கார்டு ஒன்று வேண்டும். டி.எஸ்.ஸின் முதன்மைச் செயலி 67 மெகாஹெர்ட்ஸ், நினைவகம் 4 எம்.பி., தசமக் கணக்கு போடத் தனி வன்பொருளே கிடையாது. குவேக்கோ முழுக்க முழுக்கத் தசமக் கணக்கை நம்பி எழுதியது. அதையும் டி.எஸ்.ஸில் ஓட்டினார்கள். திறமை என்று பார்த்தால் பி.எஸ்.பி. போர்ட்களைவிட இதுதான் பெரிய வித்தை. விளையாட சுகம் என்று பார்த்தால் பி.எஸ்.பி.தான்.

பி.எஸ்.பி.க்கு அடுத்து சோனி கொண்டுவந்த பி.எஸ். வீட்டாவின் பூட்டு, 2016-ல் ஹென்காகு என்ற திறப்பு நிரல் வந்ததும் திறந்தது. ஆண்ட்ராய்டு விளையாட்டுகளின் நிரலையே நேராக ஏற்றி ஓட்டும் புதுவகை போர்ட்கள் அதில் வந்தன. நீங்கள் வாங்கிய ஆண்ட்ராய்டு பதிப்பின் ஃபைல்களைப் படப்பெட்டியாகக் கொடுக்க வேண்டும். அருமையான கருவி, ஆனால் விலை அதிகம். அதை இரண்டாவது வருடம் பார்த்துக்கொள்ளலாம்.

மக்கர் செய்தால்

"கரப்டட் டேட்டா" என்று ஐகான் வந்தால் கார்டு கெட்டுவிட்டது என்று அர்த்தமில்லை. பழைய 1.50 காலத்துப் போர்ட்களில் ஒரே பெயரில் இரண்டு ஃபோல்டர் வரும், ஒன்றின் பெயர் சதவிகிதக் குறியோடு முடியும். அந்தக் காலத் தந்திரத்தின் மிச்சம் அது. மெனுவில் சரியாகத் தெரிகிற ஐகானை மட்டும் ஓட்டிப் பாருங்கள். ஓடவில்லை என்றால் அதே விளையாட்டின் பிந்தைய பதிப்பைத் தேடுங்கள்.

கறுப்புத் திரையிலேயே நின்றால் ஒரு நிமிடம் பொறுங்கள், மெதுவான கார்டாக இருக்கலாம். பிறகும் அப்படியே என்றால் தரவு ஃபைல் இடம் மாறியிருக்கும். வெளியேற ஹோம் பட்டன். அதுவும் கேட்காவிட்டால் பவர் ஸ்விட்சை மேலே தள்ளிப் பிடித்தால் அணைந்துவிடும். விளையாட்டின் நடுவில் தூங்க வைக்காதீர்கள். கம்பெனி விளையாட்டுகள் அதைத் தாங்கும், ஹோம்ப்ரூ பல எழுந்திருக்காது. சேவ் செய்து வெளியேறி, பிறகு தூங்க வையுங்கள். மாதம் ஒரு முறை கார்டு முழுவதையும் கணினியில் ஒரு நகல் எடுத்து வையுங்கள். மைக்ரோ எஸ்.டி. சொல்லிக்கொண்டு சாகாது.

கடைசியாக ஓர் எண்: 80020148. விளையாட்டைத் தொடங்க முடியவில்லை என்று சொல்லி இதைக் காட்டும். பதறத் தேவையில்லை. கருவி முழுக்க அணைந்து எழுந்திருக்கிறது, லோடரை ஓட்டவில்லை, அவ்வளவுதான்.

நேற்று ராத்திரி பதினொன்றரைக்கு அக்கா பையனிடமிருந்து ஒரு படம். இருட்டு அறை, திரையில் அதே எண். கீழே, "மாமா, போச்சு."

"பேட்டரியைக் கழற்றினியா?" என்று கேட்டேன்.

"ஆமா, துடைக்கலாம்னு."

"லோடர் ஓட்டுடா."

பதில் வர கால் மணி ஆனது. இரண்டாவது கட்டத்தில் சிவப்புச் சாவி எங்கே இருக்கிறது என்று கேட்டிருந்தான்.